டெக்சாஸில் மசாஜ் தெரபிஸ்ட் லைசென்ஸ்: எடுப்பதும் காப்பாற்றுவதும்

ஃபிரிஸ்கோ, இர்விங் பக்கத்துத் தமிழ் வாட்ஸ்அப் குழுக்களில் அவ்வப்போது இப்படி ஒரு செய்தி வரும்: "பிரசவமாகி இருபது நாள் ஆகுது. எண்ணெய் தேய்ச்சு உடம்பு பிடிச்சுவிட யாராவது கிடைப்பாங்களா? எவ்வளவு கொடுக்கணும்?" உடனே ஓர் அக்கா, "எனக்குத் தெரியும், தனியா மெசேஜ் பண்ணுங்க" என்பார். நம் ஊரில் இதைத் தப்பு என்று யாரும் ஒரு வார்த்தை சொல்லமாட்டார்கள். டெக்சாஸில் அந்த அக்கா கையில் காசு வந்துவிட்டால், அது லைசென்ஸ் இல்லாமல் செய்யக்கூடாத தொழில்.

பெயரை மாற்றிச் சொல்லித் தப்பிக்கலாம் என்று நினைக்க வேண்டாம். டெக்சாஸ் தொழில்முறைச் சட்டத்தின் 455-ஆம் அத்தியாயம், நீவுதல், பிசைதல், தட்டுதல், அழுத்துதல், தேய்த்தல் எல்லாவற்றையும் வரிசையாகச் சொல்லி, 'பாடி மசாஜ்', 'பாடி ரப்' என்று எப்படி அழைத்தாலும் அது மசாஜ் தெரபிதான் என்று முடித்துவிடுகிறது. ஆயுர்வேத எண்ணெய் மசாஜான அப்யங்கம் என்று போர்டு வைத்தாலும் செய்கிற வேலை இதுதான் என்றால் சட்டமும் இதுதான். இதை மேற்பார்க்கும் துறை டிடிஎல்ஆர், அதாவது தொழில் லைசென்ஸ்களைக் கொடுத்து ஒழுங்குபடுத்தும் டெக்சாஸ் மாநிலத் துறை. எலெக்ட்ரீஷியன், முடிதிருத்துநர் லைசென்ஸ்களையும் இவர்களே பார்க்கிறார்கள். 2017 நவம்பருக்கு முன்பு மசாஜ் லைசென்ஸ் மாநிலச் சுகாதாரத் துறையிடம் இருந்தது. யாராவது பழைய தாளைக் காட்டி வழி சொன்னால், அதில் எந்தத் துறையின் பெயர் இருக்கிறது என்று முதலில் பாருங்கள்.

நான் எச்-1பி வேலை விசாக்காரரின் துணைக்குத் தரும் எச்-4 விசாவில் வந்து, இஏடி என்ற வேலை அனுமதி அட்டை கிடைத்த பிறகு படித்து, இப்போது டாலஸ் பக்கம் இந்த வேலை செய்கிறேன். எனக்கு யாராவது முன்கூட்டியே சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று தோன்றியதை எல்லாம் இங்கே எழுதுகிறேன்.

எந்த மாநிலத்தில் இருக்கப் போகிறீர்கள்?

அமெரிக்கா முழுவதற்குமான மசாஜ் லைசென்ஸ் என்று ஒன்று கிடையாது. ஒவ்வொரு மாநிலமும் ஒவ்வொரு கணக்கு. டெக்சாஸிலும் நியூ ஜெர்சியிலும் 500 மணி நேரப் படிப்பு. இல்லினாயில் 600. நியூயார்க்கில் 1,000. கலிபோர்னியாவில் மாநில லைசென்ஸே இல்லை. அங்கே இருப்பது ஒரு கவுன்சில் கொடுக்கும் சான்றிதழ். மாநிலம் அதைக் கட்டாயமாக்கவில்லை என்றாலும் பல நகரங்களில் அது இல்லாமல் வேலை பார்ப்பது கஷ்டம்.

வீட்டுக்காரருக்கு அடுத்த வருடம் புராஜெக்ட் நியூயார்க்கில் என்றால், இங்கே 500 மணி நேரம் முடித்துவிட்டுப் போய் அங்கே பாதியில் நிற்பீர்கள். சேருவதற்கு முன்பே வீட்டில் உட்கார்ந்து பேசிக்கொள்ளுங்கள்.

விசா விஷயம்

எச்-4-ல் இருப்பவர் படிக்கலாம், அதற்குத் தடை இல்லை. ஆனால் சம்பாதிக்க இஏடி வேண்டும். கணவருக்கோ மனைவிக்கோ கிரீன் கார்டுக்காக நிறுவனம் போடும் ஐ-140 மனு அங்கீகாரம் ஆகியிருந்தாலோ, எச்-1பி ஆறு வருடத்தைத் தாண்டி நீட்டிக்கப்பட்டிருந்தாலோ எச்-4 காரர் இஏடிக்கு விண்ணப்பிக்கலாம் என்ற விதி 2015 மே மாதம் வந்தது. லைசென்ஸ் இருந்தால் வேலை செய்யலாம் என்று சிலர் நினைத்துக்கொள்கிறார்கள். லைசென்ஸ் சொல்வது உங்களுக்குத் தொழில் தெரியும் என்பதை. இந்த நாட்டில் சம்பாதிக்கலாம் என்று சொல்ல வேண்டியது குடியேற்றத் துறை. இரண்டும் தனித்தனி. போதாததற்கு, லைசென்ஸ் விண்ணப்பத்தில் சோஷியல் செக்யூரிட்டி எண் கேட்பார்கள். இஏடி இல்லாத எச்-4 காரருக்கு அந்த எண் சாதாரணமாகக் கிடைக்காது. ஆகவே ஃபீஸ் கட்டுவதற்கு முன் இஏடி எந்த நிலையில் இருக்கிறது என்று பாருங்கள். அது வர இன்னும் இரண்டு வருடம் என்றால், படிப்பை முடித்துவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு உட்கார வேண்டியிருக்கும். அதற்குள் உடற்கூறு பாதி மறந்துவிடும்.

பெயரை ஒரே மாதிரி ஆக்குங்கள்

இதைப் படித்துச் சிரிப்பீர்கள். ஆனால் நம் ஆட்கள் அதிகம் மாட்டிக்கொள்வது இங்கேதான்.

நமக்குக் குடும்பப் பெயர் என்று ஒன்று கிடையாது. அப்பா பெயரின் முதல் எழுத்துதான் இனிஷியல். பாஸ்போர்ட்டில் கடைசிப் பெயர் கட்டம் காலியாக இருந்தால், விசாவில் முதல் பெயர் கட்டத்தில் 'எஃப்என்யூ' என்று அடித்துவிடுவார்கள். முதல் பெயர் தெரியாது என்று அர்த்தம். உங்கள் சொந்தப் பெயர் கடைசிப் பெயர் இடத்துக்குப் போய்விடும். டிரைவிங் லைசென்ஸில் அது ஒரு மாதிரி, சோஷியல் கார்டில் இன்னொரு மாதிரி. பள்ளியில் சேரும்போது நாம் வழக்கமாகச் சொல்கிற பெயரைச் சொல்கிறோம். பள்ளி அதையே டிரான்ஸ்கிரிப்டில், அதாவது படித்ததற்கான சான்றுத் தாளில், அடிக்கிறது.

பிறகு தேர்வுக்குப் பதிவு செய்கிறீர்கள். தேர்வு மையத்தில் பதிவிலுள்ள பெயரையும் அடையாள அட்டையில் உள்ள பெயரையும் எழுத்து எழுத்தாக ஒப்பிடுவார்கள். பொருந்தாவிட்டால் உள்ளே விடமாட்டார்கள், கட்டிய பணம் போய்விடும். என் வகுப்பில் ஒருத்திக்கு அப்படித்தான் ஆனது. கல்யாணத்துக்குப் பிறகு கணவர் பெயரைச் சேர்த்திருந்தாள். டிரைவிங் லைசென்ஸில் மட்டும் மாற்றவில்லை.

எனவே பள்ளியில் முதல் படிவத்தை நிரப்புவதற்கு முன்பே டிரைவிங் லைசென்ஸ், சோஷியல் கார்டு, பாஸ்போர்ட் மூன்றையும் மேஜையில் பரப்பி வையுங்கள். எதையாவது திருத்த வேண்டியிருந்தால் அப்போதே திருத்துங்கள். அதற்குப் பிறகு பள்ளி, தேர்வு, கைரேகை, விண்ணப்பம் என்று எங்கும் அதே பெயர், அதே எழுத்து, அதே இடைவெளி. 'எஃப்என்யூ' என்று இருந்தால் அதையும் விடாமல் எழுதுங்கள், வெட்கப்படாமல்.

500 மணி நேரம் எதற்குப் போகிறது

டிடிஎல்ஆர் லைசென்ஸ் பெற்ற பள்ளியில்தான் படிக்க வேண்டும். மாணவராகச் சேரும்போதே டிடிஎல்ஆரிடம் மாணவர் பெர்மிட் ஒன்று எடுக்க வேண்டும். வயது 18 ஆகியிருக்க வேண்டும்.

500 மணி நேரத்தில் 200 மணி நேரம் மசாஜ் முறைகளுக்கும் கோட்பாட்டுக்கும். அதிலும் குறைந்தது 125 மணி நேரம் ஸ்வீடிஷ் மசாஜ். உடற்கூறு 50, உடலியங்கியல் 25, தசையும் மூட்டும் அசையும் விதம் 50, நோய்க்குறியியல் 40, நீர்சிகிச்சை 20, சட்டமும் தொழில் நடத்தையும் 45, சுகாதாரம், முதலுதவி, சிபிஆர் சேர்த்து 20. கடைசியாக 50 மணி நேரம் பள்ளி கிளினிக்கில் நிஜ ஆட்களுக்குச் செய்யும் பயிற்சி. வாரம் 20 மணி நேரம் போனால் 25 வாரம். குழந்தை பள்ளிக்குப் போன நேரத்தில் மட்டும் வர முடியும் என்றால் பத்து மாதம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஸ்வீடிஷ் என்று பெயர் இருந்தாலும் அதன் சொற்கள் எல்லாம் பிரெஞ்சு: எஃப்ளுராஜ், பெட்ரிசாஜ், டாபோட்மான். மிரள வேண்டாம். எஃப்ளுராஜ் நீவுவது, பெட்ரிசாஜ் பிசைவது, டாபோட்மான் தட்டுவது. சித்த மருத்துவத்தில் தொக்கணம் என்று ஒன்பது வகை சொல்வார்கள்: தட்டல், இறுக்கல், பிடித்தல், முறுக்கல், கட்டல், அழுத்தல், இழுத்தல், மல்லாத்தல், அசைத்தல். அது தெரிந்தவருக்கு ஸ்வீடிஷ் கைமுறை இரண்டு வாரத்தில் வந்துவிடும். ஆனால் ஊரில் தொக்கணமோ பஞ்சகர்மாவோ படித்திருக்கிறேன் என்பதற்காக இங்கே உட்கார்ந்த இடத்தில் லைசென்ஸ் தரமாட்டார்கள். என் பாட்டி ஊரே அறிந்த கைராசிக்காரி. அவள் இங்கே வந்திருந்தாலும் 50 மணி நேரம் உடற்கூறு படித்துத்தான் ஆக வேண்டும். எனக்கு இதில் வருத்தம் ஒன்றும் இல்லை. பாட்டிக்குத் தொடையில் எந்த இடத்தில் அழுத்தக்கூடாது என்று தெரியும், ஏன் என்று தெரியாது.

பள்ளியைத் தேர்ந்தெடுக்கும்போது கட்டிடத்தைப் பார்க்காதீர்கள். விடுபட்ட மணி நேரத்தை எப்படி ஈடுகட்டலாம், அதற்குத் தனியாகக் கட்டணமா என்று கேளுங்கள். இந்தியாவுக்கு மூன்று வாரம் போய்வர வேண்டி வந்தால் என்ன ஆகும் என்று கேளுங்கள். பள்ளி பெயரையும் லைசென்ஸ் நிலையையும் டிடிஎல்ஆர் தளத்தில் தேடிப் பாருங்கள்.

படிக்கும் காலத்தில் தெரிந்தவர்களுக்குக் கை பழகலாம். காசு வாங்கக்கூடாது. "சும்மா வெச்சுக்கோம்மா" என்று மாமி இருபது டாலரை நீட்டினாலும் வாங்காதீர்கள்.

எம்பிளெக்ஸ் தேர்வு

மாநில மசாஜ் வாரியங்களின் கூட்டமைப்பு நடத்தும் இந்தத் தேர்வுக்குக் கட்டணம் 265 டாலர். 100 கேள்விகள், 110 நிமிடம், எல்லாம் கணினியில். ஆங்கிலத்திலும் ஸ்பானிஷிலும்தான் உண்டு, தமிழில் இல்லை. நீங்கள் பதில் சொல்வதைப் பொறுத்து அடுத்த கேள்வி எளிதாகவோ கடினமாகவோ வரும். ஒரு கேள்வியைத் தாண்டிவிட்டால் திரும்பிப் பார்க்க முடியாது. கடினமான கேள்விகளாக வந்துகொண்டிருந்தால் பதறாதீர்கள், நன்றாகச் செய்கிறீர்கள் என்று எடுத்துக்கொள்ளலாம். மதிப்பெண் தரமாட்டார்கள். தேர்ச்சி, அல்லது இல்லை. தவறினால் 30 நாள் கழித்து, மறுபடி முழுக் கட்டணம் கட்டி எழுதலாம்.

நம் ஆட்கள் உடற்கூறை உருப்போட்டுக்கொண்டு போவார்கள். பள்ளி நாள் பழக்கம். அந்தத் தேர்வில் உடற்கூறும் உடலியங்கியலும் சேர்ந்து 11 சதவீதம்தான். வாடிக்கையாளரை மதிப்பிடுவது 17, ஒழுக்கமும் எல்லைகளும் சட்டமும் 16, மசாஜின் பலன்கள் 15, தொழில் நடைமுறை 15, எப்போது செய்யக்கூடாது என்ற நோய்க்குறியியல் பகுதி 14, தசை அசைவு 12. எலும்புகளின் பெயர் தெரிந்தவர் தவறுவதும், 'இந்த ஆளுக்கு இன்றைக்கு மசாஜ் வேண்டாம்' என்று சொல்லத் தெரிந்தவர் தேறுவதும் இதனால்தான்.

ஒழுக்கப் பகுதியில் நமக்கு ஒரு தனிச் சிக்கல். வாடிக்கையாளர் பரிசு கொடுத்தால், வீட்டு விசேஷத்துக்குக் கூப்பிட்டால், தன் குடும்பச் சண்டையைச் சொல்லி அழுதால் என்ன செய்வீர்கள் என்று கேள்வி வரும். நம் வழக்கப்படி ஆறுதல் சொல்லி, சாப்பிட்டுவிட்டுப் போகச் சொல்வோம். தேர்வு எதிர்பார்க்கும் பதில் வேறு: பரிவோடு கேளுங்கள், ஆனால் எல்லைக்குள் நில்லுங்கள், உங்கள் வேலை இல்லாததை உரியவரிடம் அனுப்புங்கள்.

விண்ணப்பமும் கைரேகையும்

பள்ளி டிரான்ஸ்கிரிப்ட், தேர்வு முடிவு, கட்டணம், கைரேகை. டிடிஎல்ஆர் தளத்தில் விண்ணப்பப் பக்கத்தில் இருக்கும் பட்டியலை அச்செடுத்து, ஒவ்வொன்றையும் டிக் அடித்துக்கொண்டே அனுப்புங்கள். கட்டணங்கள் மாறிக்கொண்டே இருப்பதால் அதையும் அங்கேயே பாருங்கள்.

கைரேகையை ஐடென்டோகோ என்ற கைரேகை நிறுவனத்தின் மையத்தில் எடுப்பார்கள். முன்பதிவு செய்யும்போது 'சர்வீஸ் கோட்' என்று ஒன்று கேட்கும். மசாஜுக்கு டிடிஎல்ஆர் கொடுத்திருக்கும் கோடையே போட வேண்டும். தவறான கோட் போட்டால் உங்கள் கைரேகை வேறு துறைக்குப் போய்விடும், நீங்கள் இங்கே வாரக்கணக்கில் காத்திருப்பீர்கள். கிரைண்டரும் அம்மியும் கழுவிக் கழுவி ரேகை தேய்ந்தவர்கள் முந்தைய நாளிலிருந்தே கைக்குக் கொஞ்சம் தேங்காயெண்ணெய் தடவுங்கள். மையத்துக்குப் போகும்போது மட்டும் சோப்பு போட்டுக் கழுவிவிடுங்கள்.

வேலைக்குச் சேரும்போது

ஒரு இடத்தில் ஆள் எடுக்கிறார்கள் என்றால் போவதற்கு முன் அந்த நிறுவனத்துக்கு மசாஜ் எஸ்டாப்ளிஷ்மென்ட் லைசென்ஸ், அதாவது மசாஜ் கடை நடத்தும் லைசென்ஸ், இருக்கிறதா என்று டிடிஎல்ஆர் தளத்தில் தேடுங்கள். ஆள் கடத்தல் நடக்கும் இடம் என்று சந்தேகம் வந்தால் ஆறு மாதம் வரை உடனடியாகக் கடையை மூடும் அதிகாரம் 2023 முதல் அந்தத் துறைக்கு இருக்கிறது. இரவு வெகுநேரம் திறந்திருக்கும், கண்ணாடி முழுக்க மூடியிருக்கும், ரொக்கம் மட்டும் வாங்கும் இடம் என்றால் சம்பளம் எவ்வளவு சொன்னாலும் போகாதீர்கள். கடை மூடப்பட்டால் உங்கள் பெயரும் அந்தக் கோப்பில் இருக்கும்.

வரியைப் பிடித்துக்கொண்டு சம்பளம் தரும் டபிள்யூ-2 ஊழியரா, வரியைத் தானே கட்டிக்கொள்ளும் 1099 ஒப்பந்தக்காரரா என்று கேளுங்கள். 1099 என்றால் சுயதொழில் வரி 15.3 சதவீதம் உங்கள் தலையில். மூன்று மாதத்துக்கு ஒருமுறை வருமானத்தை உத்தேசமாகக் கணக்கிட்டு வரி கட்ட வேண்டும். கையில் வரும் காசில் கால் பங்கைத் தொடாமல் தனியாக வையுங்கள். டிப்ஸும் வருமானம்தான்.

தனியாகச் செய்ய விரும்பினால், தனி ஆளாக நடத்தும் லைசென்ஸ்காரருக்கு எஸ்டாப்ளிஷ்மென்ட் லைசென்ஸிலிருந்து விலக்கு உண்டு. ஆனால் அழகான ஒரு தமிழ்ப் பெயரைக் கடைக்கு வைத்தால், ஒவ்வொரு விளம்பரத்திலும் உங்கள் முழுச் சட்டப்பூர்வப் பெயரும் லைசென்ஸ் எண்ணும் இருக்க வேண்டும். வாட்ஸ்அப் குழுவில் போடும் படமும் விளம்பரம்தான்.

முதல் தொடுதலுக்கு முன்

டெக்சாஸில் புதிதாக வரும் ஒவ்வொருவரிடமும் பேசி, ஒரு ஆலோசனைத் தாளில் இருவரும் கையெழுத்துப் போட வேண்டும். என்ன வகை மசாஜ், உடம்பில் எந்தப் பகுதி, துணியால் மூடித்தான் செய்வோம், அசௌகரியமாக இருந்தால் எப்போது வேண்டுமானாலும் நிறுத்தச் சொல்லலாம், பெண்களின் மார்பகப் பகுதியை எழுத்துமூலச் சம்மதம் இல்லாமல் தொடமாட்டோம் என்பதெல்லாம் அதில் இருக்கும். தெரிந்த அக்காதானே என்று இதை விடாதீர்கள். புகார் வரும் நாளில் உங்கள் பக்கம் பேச அந்தத் தாள் மட்டுமே இருக்கும்.

நம் ஆட்கள் வந்து படுத்ததும் கேட்பது, "கழுத்தை ஒரு சொடக்கு எடுத்துவிடேன்." ஊரில் நாவிதர் கடையில் எடுத்த பழக்கம். மூட்டைத் திருகிச் சொடக்கு எடுப்பது கைரோபிராக்டர் வேலை, நம் லைசென்ஸில் வராது. எனக்கு எடுக்கத் தெரியும், எடுக்கமாட்டேன். "இது டிஸ்க் பிரச்சினையா?" என்று கேட்பார்கள். நோய் என்ன என்று சொல்வதும் நம் வேலை இல்லை.

ஒருமுறை ஒரு அம்மா வந்தார். சென்னையிலிருந்து பேரனைப் பார்க்க வந்து இரண்டு நாள்தான் ஆகியிருந்தது. மகள் கூட்டிக்கொண்டு வந்திருந்தாள். "பிளேன்ல உக்காந்து உக்காந்து கெண்டைக்கால் பிடிச்சுக்கிச்சு, நல்லா அழுத்திவிடுங்க" என்றாள். ஒரு கால் மட்டும் வீங்கியிருந்தது, தொட்டால் சூடு, சிவப்பு. கால் ரத்தக்குழாய்க்குள் ரத்தம் கட்டியிருக்கலாம் என்று சந்தேகப்பட வேண்டிய அடையாளங்கள். அதை அழுத்தினால் கட்டி நகர்ந்து நுரையீரலுக்குப் போய்விடலாம். நான் கை வைக்கவில்லை, அப்போதே அவசர சிகிச்சைக்குப் போகச் சொன்னேன். "அம்பது மைல் ஓட்டிக்கிட்டு வந்தோம்" என்று மகளுக்குக் கோபம். காசு வாங்கவில்லை என்றதும் இன்னும் கோபம். ரத்தம் நீர்க்க மாத்திரை சாப்பிடுபவர், சர்க்கரையால் பாதத்தில் உணர்ச்சி இல்லாதவர், காய்ச்சலோடு வருபவர் எல்லோரிடமும் இப்படி ஏதோ ஒன்றை மறுக்க வேண்டி வரும்.

பொறுப்புக் காப்பீடு எடுத்துக்கொள்ளுங்கள். மசாஜ் தெரபிஸ்டுகளுக்கான சங்கங்களில், 1943-இல் தொடங்கிய ஏஎம்டிஏவிலோ ஏபிஎம்பியிலோ உறுப்பினரானால் காப்பீடும் சேர்ந்தே வரும். மாணவராக இருக்கும்போதே சேரலாம்.

இரண்டு வருடத்துக்கு ஒருமுறை

லைசென்ஸ் இரண்டு வருடம் செல்லும். புதுப்பிக்க 12 மணி நேரத் தொடர் கல்வியும், மாநிலம் ஏற்றுக்கொண்ட ஆள் கடத்தல் தடுப்புப் பயிற்சி ஒன்றும் வேண்டும். அந்தப் பயிற்சிகளில் இலவசமானவையும் உண்டு. சான்றிதழ்களைப் புதுப்பிக்கும்போது அனுப்பச் சொல்லாவிட்டாலும் பத்திரப்படுத்துங்கள், பிறகு தணிக்கையில் கேட்பார்கள். கடைசி மாதத்தில் ராத்திரி உட்கார்ந்து 12 மணி நேரத்தையும் ஓட்டுவதை விட, வருடத்துக்கு ஆறு என்று பிரித்துக்கொண்டால் உருப்படியாக எதையாவது கற்கலாம். கர்ப்பிணிகளுக்கான மசாஜ் வகுப்பு நம் குழுக்களில் உண்மையாகவே வேலை தரும்.

காலாவதி ஆன மறுநாளிலிருந்து ஒரு மசாஜ்கூடச் செய்யக்கூடாது. 90 நாளுக்குள் புதுப்பித்தால் கட்டணம் ஒன்றரை மடங்கு, அதற்கு மேல் 18 மாதம் வரை இரண்டு மடங்கு. வீடு மாறினால் புது முகவரியை உடனே டிடிஎல்ஆருக்குச் சொல்லுங்கள். நினைவூட்டல் பழைய அபார்ட்மென்டுக்குப் போனது என்ற காரணத்தை யாரும் கேட்கமாட்டார்கள். இந்தியாவுக்கு நீண்ட விடுப்பில் போகும் வருடம் லைசென்ஸ் முடியும் தேதி எப்போது என்று டிக்கெட் போடும்போதே பாருங்கள்.

கட்டைவிரலையும் பார்த்துக்கொள்ளுங்கள். ஆழமாக அழுத்த முழங்கையையும் முன்கையையும் பயன்படுத்துங்கள், மேஜை உயரத்தை உங்களுக்கு ஏற்றபடி வையுங்கள். ஆரம்பத்தில் ஒரே நாளில் ஏழு பேருக்குச் செய்து, இரவில் தோசைக்கரண்டியைப் பிடிக்க முடியாமல் நான் நின்றிருக்கிறேன்.

மாநிலம் மாறும்போது

மாநிலங்களுக்கு இடையே லைசென்ஸ் செல்லும்படியான ஒப்பந்தம் ஒன்று உருவாகி வருகிறது. 2023-இல் நெவாடா முதலில் சேர்ந்தது. அதற்கு 625 மணி நேரக் கல்வி கேட்கிறார்கள், ஆகவே டெக்சாஸ் 500 மட்டும் போதாது. அந்த ஒப்பந்தம் நடைமுறைக்கு வரும்வரை வழி பழையதுதான்: போகும் மாநிலத்தில் புதிதாக விண்ணப்பித்து, டெக்சாஸ் லைசென்ஸ் சரியாக இருக்கிறது என்று டிடிஎல்ஆரிடமிருந்து உறுதிக் கடிதம் அனுப்பச் சொல்ல வேண்டும். போன மாநிலத்தில் லைசென்ஸ் கைக்கு வரும்வரை இங்குள்ளதைக் காலாவதி ஆக விடாதீர்கள்.

பள்ளி முடித்த அன்றே டிரான்ஸ்கிரிப்டில் கூடுதலாக இரண்டு பிரதி சீல் வைத்த உறையில் கேட்டு வாங்கிவிடுங்கள். மசாஜ் பள்ளிகள் திடீரென்று மூடிவிடும், அப்புறம் 500 மணி நேரத்துக்கு அத்தாட்சி தேடி அலைய வேண்டியிருக்கும். என்னுடைய இரண்டு உறைகளும் பிரிக்காமல் பாஸ்போர்ட் வைத்திருக்கும் பையிலேயே கிடக்கின்றன.